ஸ்டாப்பர் ஆபேலும் ஸ்ரீஜித்தின் முட்டும்

ஆபேல் பதினாலு வருஷம் சம்பளத்துக்குப் பந்து விளையாடினான். அத்தனை வருஷத்தில் அவன் அடித்தது ஒரே ஒரு கோல். அதுவும் சேம்சைடு கோல், தன் அணியின் வலைக்குள்ளேயே.

ஊரில் இதைச் சொல்லிச் சிரிப்பார்கள். எனக்குச் சிரிப்பு வராது. நான் கோலி. பூவன்விளை சி.எஸ்.ஐ. கோயில் மைதானத்தில் ஏழாம் வகுப்பிலிருந்து ஆபேலின் முதுகைப் பார்த்தபடி கோல் காத்தவன். அவன் முன்னால் நின்றால் எனக்குப் பாதி வேலை இல்லை. கோலுக்கு முன்னால் நின்று எதிராளியை மறிக்கும் ஸ்டாப்பர் பேக்கின் பிழைப்பே அப்படித்தான். அவன் ஒழுங்காக விளையாடினால் அன்றைக்கு ஒன்றுமே நடக்காது. நடக்காத ஒன்றுக்கு யார் கைதட்டுவார்கள்?

இப்போது நான் இரணியல் ஸ்டேஷனில் பாயிண்ட்ஸ்மேன். ரெண்டு வண்டிக்கு நடுவே ஓய்வு கிடைக்கும் மத்தியானங்களில் ஆபேல் வந்து என் பக்கத்தில் உட்காருவான். அவன் வாயாலேயே கேட்டதைத்தான் சொல்கிறேன். கொஞ்சம் நான் கண்ணால் பார்த்ததும் உண்டு.

ஆபேலின் அப்பா கொத்தனார். பையனும் அப்பாவைப் போலவே அதிகம் பேசமாட்டான். பார்த்துக்கொண்டே இருப்பான். எங்கள் அணியில் பேசுகிற ஆள் ஸ்ரீஜித். தக்கலையில் பாத்திரக்கடை வைத்திருந்தவரின் மகன். சிவப்பாக, சுருட்டை முடியோடு இருப்பான். பந்து காலுக்கு வந்தால் மைதானத்தைச் சுற்றி நிற்பவர்கள் பேச்சை நிறுத்திவிடுவார்கள். அடித்த கோலைப் பற்றி அவனே கேலி பேசுவான். யாருக்கு அடிபட்டாலும் முதலில் ஓடுவான். அவன் கெட்டவனாக இருந்திருந்தால் ஆபேலுக்கு எல்லாமே சுலபமாக முடிந்திருக்கும்.

தொடங்கியது தொண்ணூற்றேழாம் வருஷத்து ஓணத்தில். தக்கலையில், அணிக்கு ஏழு பேர் ஆடும் செவன்ஸ் டோர்ணமென்ட். பாறசாலைக்காரர்களோடு ஃபைனல். ரெண்டு பக்கமும் கோல் இல்லை, முடிய நாலு நிமிஷம் இருக்கிறது. ஒரு உயரப் பந்துக்கு நான் வெளியே ஏறி வந்து, பிடிக்க முடியாமல் விழுந்துவிட்டேன். பந்து என்னைத் தாண்டிக் காலிக் கோலை நோக்கி உருண்டு போகிறது. எங்கிருந்தோ ஆபேல் சறுக்கிக்கொண்டு வந்து கோட்டின் மேல் வைத்து அதைத் தடுத்துவிட்டான். தடுத்த வேகத்தில் நெற்றி போஸ்ட்டில் மோதிப் புருவம் பிளந்துவிட்டது. ரத்தத்தைத் துடைக்கக்கூட நிற்கவில்லை. எழுந்து பந்தோடு நடுமைதானம் வரை ஓடி ஸ்ரீஜித்துக்குக் கொடுத்தான். ஸ்ரீஜித் ஒருவனை ஏமாற்றி, இன்னொருவனைத் தாண்டி அடித்தான். கோல்!

ஜனம் மைதானத்துக்குள் இறங்கிவிட்டது. ஸ்ரீஜித்தைத் தோளில் தூக்கினார்கள். ஆபேலை நான் ஒரு சைக்கிளில் வைத்து ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனேன். புருவத்தில் அஞ்சு தையல். திரும்பி வரும்போது மைதானத்தில் கடலைத்தோடும் காகிதமும்தான் கிடந்தன. கப்பை ஜீப்பில் வைத்து ஊர்வலம் அழகியமண்டபம் பக்கம் போய்விட்டது என்றார்கள்.

மறுநாள் முடிவெட்டும் கடையில் பேப்பர் பார்த்தோம். ஸ்ரீஜித்தைத் தோளில் தூக்கியிருக்கும் படம். படத்தின் ஓரத்தில் யாருடையதோ ஒரு கை, வெட்டுப்பட்டதுபோல் பாதி தெரிந்தது. ஆபேல் அதன் மேல் விரலை வைத்தான்.

"ஏலே ஞானா, இது எனக்க கையாக்கும்."

நான் சிரித்தேன். அவன் சிரிக்கவில்லை. கடைக்காரர் அழைக்கும்வரை அந்தப் படத்தையே பார்த்துக்கொண்டிருந்தான். கண்ணுகடி என்று எங்கள் பக்கம் ஒரு வார்த்தை உண்டு. அடுத்தவனுக்கு வந்த நல்லதைப் பார்க்கும்போது கண்ணில் தூசி விழுந்ததுபோல உறுத்துமே, அது. அன்றைக்கு அவன் கண்ணில் விழுந்த தூசி பிறகு வெளியே வரவே இல்லை.

அடுத்த வருஷம் திருவனந்தபுரத்தில் ஒரு அரசு டிபார்ட்மென்ட் அணிக்கு ரெண்டு பேரையும் எடுத்தார்கள். என்னை எடுக்கவில்லை, அது வேறு கதை. ஊரே கொண்டாடியது. ஆபேலின் அப்பா கரண்டியைக் கீழே வைத்து, கையில் சிமெண்டோடு வந்து மகனைக் கட்டிப்பிடித்தார். ஆபேலுக்கும் அது பெரிய சந்தோஷம். தன் சொந்தத் திறமைக்குக் கிடைத்த இடம் என்று நினைத்தான். மூன்று வருஷம் கழித்து, அந்த அணியை விட்டுக் கோவா கிளப்புக்குப் போகும்போதுதான், பழைய கோச் தம்பானூர் பஸ் ஸ்டாண்டில் நின்று பேச்சுவாக்கில் சொன்னார்: "அன்றைக்கு எங்களுக்கு வேண்டியது ஸ்ரீஜித் மட்டும்தான். என்னுடைய ஸ்டாப்பர் வராமல் நான் வரமாட்டேன் என்று அந்தப் பயல் அடம் பிடித்தான்."

இதை ஆபேல் என்னிடம் சொல்லும்போது கழுத்து நரம்பு புடைத்திருந்தது.

"நான் எனக்க காலால போகல்ல மக்கா. அவனுக்க வாயால போயிருக்கேன்."

"அதுக்கென்னடே? உனக்கு நல்லதுதானே செஞ்சான்?"

"அதுதான் பிரச்சினை."

கோவாவுக்கும் ரெண்டு பேரும் சேர்ந்தே போனார்கள். ஒரே அறை. ஸ்ரீஜித் சமைப்பான், ஆபேல் துணி துவைப்பான். மழைக்காலத்தில் மைதானம் குளமாகிக் கிடக்கும். கிளப்புக்காரர்கள் படிக்கட்டிலேயே ஏறி இறங்கச் சொல்வார்கள். அங்கேதான் ஆபேல் உண்மையில் நல்ல ஸ்டாப்பர் ஆனான். கோலடிக்கும் ஃபார்வேர்ட் பந்தோடு வரும்போது எல்லோரும் பந்தைப் பார்ப்பார்கள்; ஆபேல் இடுப்பைப் பார்ப்பான். பந்தால் ஏமாற்றலாம், தோளால் ஏமாற்றலாம், இடுப்பால் முடியாது. எந்தக் காலில் உடம்பின் பாரம் விழுகிறது, எந்த முட்டு திரும்பத் தயங்குகிறது என்று பத்தடி தூரத்திலேயே தெரிந்துகொள்வான். முழங்காலைத்தான் நாங்கள் முட்டு என்போம்.

பயிற்சியில் தினமும் ஸ்ரீஜித்தைத் தடுக்கும் வேலை ஆபேலுக்கு. அங்கே ஆபேலைத் தாண்டி ஸ்ரீஜித் அடித்த கோல் ரொம்பக் குறைவு. ஆனால் பயிற்சியைப் பார்க்க ஆள் வருவதில்லையே. ஞாயிற்றுக்கிழமை மேட்ச்சில் ஸ்ரீஜித் அடிப்பான். ஸ்டேடியம் எழுந்து நிற்கும். எங்கள் ஊர் டீக்கடைகளில்கூட அவன் கோல்கணக்கு ஓடும். "கூட நம்ம ஆபேலும் உண்டுல்லா" என்று யாராவது கடைசியில் சேர்த்துக்கொள்வார்கள். அந்த "உம்" என்னை அறுக்குது என்பான் ஆபேல்.

ரெண்டாயிரத்து அஞ்சில் ஸ்ரீஜித்துக்கு இந்திய அணியின் பயிற்சி முகாமுக்கு அழைப்பு வந்தது. கடிதத்தை ஆபேலின் கையில் கொடுத்து, "நீயே வாசிடே" என்றானாம். ஆபேல் வாசித்தான். வாசித்து முடித்துக் கட்டிப்பிடித்தான். கட்டிப்பிடித்த கைக்கும் நெஞ்சுக்கும் சம்பந்தமே இல்லாமல் இருந்தது என்று பின்னால் என்னிடம் சொன்னான்.

முகாமுக்குப் பதினோரு நாள் இருக்கும்போது ஒரு லீக் மேட்ச்சில் ஸ்ரீஜித் தலையால் முட்டக் குதித்து, இடது காலில் இறங்கினான். எழுந்து ஓடினான், விளையாடினான், யாருக்கும் ஒன்றும் தெரியவில்லை. ஆபேலுக்குத் தெரிந்தது. இடது பக்கமாகத் திரும்ப வேண்டிய இடங்களில் எல்லாம் ஸ்ரீஜித் ஒரு சுற்று சுற்றி வலது பக்கமாகத் திரும்பினான்.

அறைக்கு வந்ததும் ஸ்ரீஜித் காலைக் காட்டினான். முட்டு பலாக்கொட்டை வேகவைத்ததுபோல் வீங்கி மினுமினுத்தது.

"யாருட்டயும் மூச்சு விடப்பிடாது மக்கா. பத்து நாளுல செரியாயிரும். கேட்டியா?"

"செரி."

"சத்தியம் பண்ணு."

"எங்க சபையில சத்தியம் பண்ணப்பிடாது. சொல்லமாட்டேன், போரும்."

ஐஸ் வாங்கி வந்து, துணியில் கட்டி, அந்த முட்டின் மேல் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தது ஆபேல்தான்.

மறுநாள் காலை பயிற்சிக்குப் போனால் கோச் தற்செயலாகக் கேட்டார். வயதான கோவாக்காரர், நல்ல மனுஷன். "உன் அறைக்காரன் எப்படி இருக்கிறான்? முகாமுக்குத் தயாரா?"

நல்லா இருக்கான் சார் என்று சொன்னால் முடிந்தது. கோச் அடுத்த ஆளிடம் போயிருப்பார்.

"இடது முட்டு வீங்கியிருக்கு சார். மறைக்கான்" என்றான் ஆபேல்.

இதை அவன் என்னிடம் சொன்னது நடந்து எத்தனையோ வருஷம் கழித்து, ஸ்டேஷன் பெஞ்சில். சொல்லும்போது தண்டவாளத்தைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

"அவனுக்க காலு கெட்டுப்போகுமேன்னு நெனச்சுச் சொன்னேன்னு வச்சிருக்கியா? ஒரு மண்ணும் இல்ல. அவன் போகப்பிடாது. அம்புட்டுதான். சொன்ன ஒடனே வயித்துக்குள்ள குளுகுளுன்னு ஒரு சுகம் வந்துது பாரு. தாகத்துக்கு எளநி குடிச்சது மாதிரி."

அன்றைக்கே ஸ்ரீஜித்தை ஸ்கேன் எடுக்கக் கூட்டிப்போனார்கள். ஆபேலும் துணைக்குப் போனான். ஸ்ரீஜித் உள்ளே படுத்திருக்கும்போது இவன் வெளியே பெஞ்சில் கண்ணை மூடி ஜெபம் பண்ணினான். என்ன ஜெபம் தெரியுமா? கர்த்தாவே, அந்த முட்டுல ஏதாவது இருக்கணும்.

இருந்தது. உள்ளே இருக்கும் தசைநார் முக்கால்வாசி கிழிந்திருக்கிறது என்றார் டாக்டர். இன்னும் ஒருமுறை தப்பாகத் திரும்பியிருந்தால் முழுதும் போயிருக்கும், கூடவே குருத்தெலும்பும். பிறகு பந்தைத் தொட்டிருக்க முடியாது. ஆபரேஷன் செய்தால் ஒன்பது மாசத்தில் விளையாடலாம். முகாமை மறந்துவிட வேண்டியதுதான்.

யார் சொன்னது என்று ஸ்ரீஜித் கோச்சிடம் கேட்டிருக்கிறான். கோச் மறைக்கவில்லை. ஆபேல் அறையில் அடிக்குத் தயாராக நின்றான். முதல் அடியை வாங்கிக்கொள்ள வேண்டும், திருப்பி அடிக்கக் கூடாது என்றுகூட முடிவு பண்ணி வைத்திருந்தானாம். கதவைத் திறந்து நொண்டிக்கொண்டு வந்த ஸ்ரீஜித் அவன் தோளில் விழுந்து அழுதான்.

"நீ இல்லேன்னா எனக்க காலு போயிருக்கும் மக்கா. நான் கோவப்படுவேன்னு தெரிஞ்சும் சொன்னியே. கூடப் பொறந்தவன்கூடச் சொல்லமாட்டான்."

ஆபேல் வாயைத் திறக்கவில்லை. அங்கே திறந்திருந்தால் அத்தோடு போயிருக்கும். எப்படித் திறப்பது?

ஸ்ரீஜித் ஊரில் வந்து கிடந்த அந்த ஒன்பது மாசம் ஆபேலின் வாழ்க்கையிலேயே நல்ல பருவம். அத்தனை அருமையாக அவன் அதற்கு முன்னும் விளையாடியதில்லை, பின்னும் விளையாடியதில்லை. ஒரு பேப்பரில் அவனைப் பற்றி ரெண்டு வரி தனியாக வந்தது. அதை வெட்டி பைபிளுக்குள் வைத்தான். பசி எடுத்தது, உறக்கம் வந்தது, அறையில் தனியாகப் பாட்டுக்கூடப் பாடினான். பத்தாவது மாசம் ஸ்ரீஜித் திரும்பி வந்து, இறங்கிய முதல் மேட்ச்சிலேயே கோல் அடித்தான். அடித்துவிட்டு நேராகப் பின்னால் ஓடி வந்து ஆபேலைக் கட்டிப்பிடித்து, "இது உனக்க கோல்" என்று கத்தினான். டி.வி.யில் நாங்கள் பார்த்தோம். ஊரில் பெண்கள் கண்ணைத் துடைத்தார்கள். அந்த நேரத்தில் ஆபேலுக்கு உள்ளே என்ன ஓடியது தெரியுமா? காலு மறுபடியும் போனா என்ன.

"எங்கப்பா பேர மாத்தி வச்சிட்டாரு ஞானா" என்றான் என்னிடம். "ஆபேல் இல்ல, காயீன்னு வச்சிருக்கணும்." பைபிளில் பொறாமையால் தம்பி ஆபேலைக் கொன்றவன் காயீன்.

ஸ்ரீஜித்துக்கு இந்திய அணியின் அழைப்பு பிறகு வரவே இல்லை. அதைப் பற்றி அவன் ஒருநாளும் புலம்பி நான் கேட்டதில்லை. அதற்குப் பதிலாக அந்த முட்டுக் கதையைப் போகிற இடமெல்லாம் சொன்னான். ஆபேலுக்குப் பெண் பார்க்கப் போனபோதும் கூடப் போய்ச் சொன்னான். மணப்பெண் சஜிதாவின் அப்பா அதைக் கேட்டுத்தான் சம்மதித்தார். பந்து விளையாடுகிறவனுக்குப் பெண் கொடுப்பதா என்று யோசித்துக்கொண்டிருந்தவர், "சேக்காளிக்கு இப்படிச் செய்தவன் பெண்டாட்டியைக் கைவிடமாட்டான்" என்றாராம். கல்யாணம் கழிந்து ஒரு வாரத்தில் சஜிதா இதைப் பெருமையாகச் சொல்ல, ஆபேல் சாப்பாட்டில் கையை வைத்தபடி உட்கார்ந்துவிட்டான். வேலை ஸ்ரீஜித்தின் வாயால் வந்தது. பெண்டாட்டியும் அவன் வாயாலா?

அந்தச் சேம்சைடு கோல் விழுந்தது ரெண்டாயிரத்து ஒன்பதில், கொல்கத்தாவில். அப்போது ரெண்டு பேரும் வேறு வேறு கிளப்பில் இருந்தார்கள். ஆபேலின் அணி ஒரு சமன் எடுத்தால் போதும், முதல் பிரிவில் தங்கிவிடலாம். எண்பத்தெட்டாவது நிமிஷம், பக்கவாட்டிலிருந்து தாழ்வாக ஒரு கிராஸ். அவர்கள் கோலி தாமதமாகத்தான் குரல் கொடுத்தான். ஆபேலின் கணுக்காலில் பட்டு உள்ளே போய்விட்டது. மறுநாள் பேப்பரில் அவன் பேர் முதன்முதலாகத் தலைப்பில் வந்தது.

ஸ்ரீஜித் போன் செய்தான். "மக்கா, நீ ஒருநாள் கோலடிப்பேன்னு எனக்குத் தெரியும். எந்தப் பக்கம்னு பாத்து அடிச்சிருக்கலாம்லா?" சிரிக்க வைக்கத்தான் சொன்னான். அவனுக்கு அதுதான் தெரிந்த ஆறுதல். ஆபேல் போனை வைத்துவிட்டான். மூன்று வாரம் எடுக்கவில்லை.

ரெண்டாயிரத்துப் பன்னிரண்டில் கணுக்கால் ஒத்துழைக்காமல் ஆபேல் ஊருக்கு வந்தான். சுசீந்திரம் பக்கம் வயல் பாட்டத்துக்கு, அதாவது குத்தகைக்கு, எடுத்து ஏத்தன் வாழை போட்டான். நல்ல விவசாயி. ஸ்டாப்பரின் கண் வாழைக்கும் உதவியது. எந்த வாழை மூடு காற்றுக்குச் சாயப்போகிறது என்று முன்னாலேயே பார்த்து ஊன்று கொடுத்துவிடுவான். மூன்று வேளையும் சோறு, படிக்கிற ஒரு மகள், பள்ளிக்கூடத்தில் வேலை பார்க்கும் மனைவி. குறை சொல்ல ஒன்றும் இல்லை.

ஆனால் மார்த்தாண்டத்தில் ஹைவே ஓரம் ஸ்ரீஜித் ஒரு டர்ஃப் மைதானம் போட்டான். பச்சை பிளாஸ்டிக் புல், வலைக்கூரை, பிள்ளைகளுக்குப் பயிற்சி. சுவரெல்லாம் அவன் படம். ஆபேல் வாழைக்குலை விற்க மார்த்தாண்டம் சந்தைக்குப் போகும்போது பஸ் அந்த இடத்தில் நெரிசலில் நிற்கும். பத்து நிமிஷம் ஸ்ரீஜித்தின் முகத்தைப் பார்த்துக்கொண்டே உட்கார வேண்டும். மறுபக்கம் சீட் கிடைத்தாலும் ஆபேல் அந்த ஜன்னலில்தான் உட்காருவான். சஜிதா ஒருநாள் கேட்டாள்: "நீங்க அந்த மனுசனப் பத்திப் பேசாத நாளு உண்டா? என்னையாவது ஒருநாள் இப்படி நெனச்சிருக்கியளா?"

போன வருஷம் பழைய விளையாட்டுக்காரர்கள் சங்கம் ஆபேலுக்கு மார்த்தாண்டத்தில் ஒரு பாராட்டு விழா வைத்தது. ஏற்பாடு முழுக்க ஸ்ரீஜித். ஹால் நிறைய ஆள். பொன்னாடை போர்த்தி, கையில் ஒரு வெண்கலச் சிலை கொடுத்தார்கள். பந்தை உதைக்கக் காலை ஓங்கி நிற்கும் ஆட்டக்காரன். ஆபேல் என் காதில் சொன்னான்: "தந்த செலகூட ஃபார்வேர்டாக்கும்."

பிறகு ஸ்ரீஜித் மைக்கைப் பிடித்தான். அதே கதைதான். ஆனால் அன்றைக்கு அவன் குரல் உடைந்துவிட்டது. பேன்ட்டைச் சுருட்டி, முட்டில் இருந்த ஆபரேஷன் தழும்பைப் பயிற்சிக்கு வரும் பிள்ளைகளுக்குக் காட்டினான். "இந்தக் கால் இன்னைக்கு நடக்கதுக்குக் காரணம் இவன். இந்தியாவுக்கு விளையாடினவன் ஆயிரம் பேர் இருப்பான். இப்படி ஒரு சேக்காளி எத்தனை பேருக்கு உண்டு?"

எல்லோரும் எழுந்து நின்று கைதட்டினார்கள். ஆபேலுக்காக ஒரு கூட்டம் எழுந்து நின்றது அதுதான் முதல் தடவை. நான் அவன் முகத்தைப் பார்த்தேன். அஞ்சு தையல் போட்ட அன்றைக்கு இருந்ததைவிட வெளுத்திருந்தது. நன்றி என்று மட்டும் சொல்லிவிட்டு உட்கார்ந்துவிட்டான்.

மறுநாள் காலை ஏழு மணி பஸ்ஸில் ஆபேல் மார்த்தாண்டம் போனான். ஸ்ரீஜித் டர்ஃபில் தனியாக, நீளத் துடைப்பத்தால் கருப்பு ரப்பர் துகள்களை நிரவிக்கொண்டிருந்தான். ஆபேலைக் கண்டதும் முகம் மலர்ந்தது.

"ஏலே, வா வா. சாப்பிட்டியா?"

"ஒரு காரியம் சொல்லணும். சொல்லி முடிக்கது வர பேசாத."

நின்றபடியே எல்லாவற்றையும் சொன்னான். கடிதம் வாசித்தது, வயிற்றுக்குள் வந்த சுகம், ஸ்கேன் அறைக்கு வெளியே பண்ணிய ஜெபம், ஒன்றையும் விடவில்லை. ஸ்ரீஜித் துடைப்பத்தின் கம்பைப் பிடித்தபடி கேட்டுக்கொண்டிருந்தான்.

"ஸ்கேன்ல ஒண்ணும் இல்லாம இருந்தா?" என்றான் கடைசியில்.

"எனக்கு வெசனமா இருந்திருக்கும்."

ஸ்ரீஜித் அப்படியே தரையில் உட்கார்ந்தான்.

"இத எதுக்குடே இப்ப வந்து சொல்லுக?"

"தாங்க முடியல்ல. நேத்து எல்லாவனும் எழும்பி நிக்கான்…"

"உனக்குத் தாங்க முடியல்லேன்னு எனக்க தலையில எறக்கி வைக்கியா?" ஸ்ரீஜித்தின் குரல் ஏறவில்லை. ஏறியிருந்தால் தேவலை என்றிருந்தது ஆபேலுக்கு. "எனக்கு இந்தியா ஜெர்சி கிடைக்கல்ல. கெடக்கட்டும், அதுக்குப் பதிலா கடவுள் எனக்கொரு சேக்காளியக் காட்டித் தந்தாருன்னு நெனச்சுக்கிட்டிருந்தேன். இருபது வருசமா எனக்க கையில இருந்தது அந்த ஒரு கதைதான். அதையும் எடுத்துக்கிட்டுப் போகதுக்கு ஏழு மணி பஸ்ஸப் பிடிச்சு வந்தியா நீ?"

ஆபேல் ஏதோ சொல்லப்போனான்.

"போ மக்கா. எனக்கு இத நெரவணும். எட்டு மணிக்குப் பிள்ளைய வரும்."

ஆபேல் வீட்டுக்கு வந்து சஜிதாவிடமும் சொன்னான். அவள் தேங்காய் துருவிக்கொண்டிருந்தாள். கை நின்றது. "கல்யாணம் கழிஞ்சு பதினேழு வருசமாச்சு. இனி நான் எங்க அப்பாட்ட போய் என்ன சொல்லதுக்கு?" என்றாள். பிறகு துருவத் தொடங்கினாள். ஒரு வாரம் தேவைக்கு மேல் ஒரு வார்த்தை பேசவில்லை.

ஸ்ரீஜித் கூப்பிடுவதை நிறுத்திவிட்டான். கிறிஸ்துமஸுக்கு எப்போதும் முதலில் வரும் போன் வரவில்லை. ஜனவரியில் குழித்துறையில் ஒரு பள்ளி விளையாட்டு விழாவில் ஸ்ரீஜித் பேசினான். நான் போயிருந்தேன். காயம் பற்றிச் சொன்னான், ஆபரேஷன் பற்றிச் சொன்னான். "யாரோ கோச்சிடம் சொல்லியிருக்கிறார்கள்" என்று மட்டும் சொல்லிக் கடந்துபோனான். இதை ஆபேலிடம் சொல்ல வேண்டாம் என்றுதான் நினைத்தேன். அவன் தோண்டித் தோண்டிக் கேட்டு வாங்கிவிட்டான்.

ஸ்டேஷன் பெஞ்சில் வைத்துத்தான் கேட்டான். நாகர்கோவில் பாசஞ்சர் வந்து போயிற்று. நான் கொடியைச் சுருட்டிக்கொண்டு வந்து உட்கார்ந்தேன்.

"யாரோவா?" என்றான்.

"பின்ன உனக்க பேரச் சொல்லணுமா?"

"ஞானா, ஒரு கூத்து கேளு. இப்ப எனக்கு ஸ்ரீஜித்து மேல கண்ணுகடி இல்ல. அவன் ஒரு ஆபேலப் பத்திச் சொல்லிக்கிட்டிருந்தாம்லா, அந்த ஆபேலு மேலயாக்கும். அவன் எம்புட்டு நல்லவன்! சேக்காளிக்க காலக் காப்பாத்தினவன், பொண்ணு வீட்டுல மதிப்பு உள்ளவன். இருபது வருசம் எனக்கப் பக்கத்துலயே நின்னுருக்கான். நான் அவனாட்டு இருந்திருக்கலாம். நான் ஒரு வார்த்த மனசுல வேற மாதிரி நெனச்சிருந்தா போரும், அவன்தான் நான். சொன்ன வார்த்த அதே வார்த்ததானே?"

நான் அவனுக்கு டீ வாங்கிக் கொடுத்தேன்.

மார்ச்சில் ஸ்ரீஜித் என்னைக் கூப்பிட்டான். ஞாயிற்றுக்கிழமை காலைகளில் டர்ஃபில் நாற்பது வயசு தாண்டியவர்கள் விளையாடுகிறார்கள், கோலி வேண்டும், வா என்றான். கொஞ்சம் நிறுத்தி, "ஸ்டாப்பரும் இல்ல. அவனுட்டயும் சொல்லிப்பாரு" என்றான்.

"பொறுத்துட்டியா?"

"பொறுத்தேன்னு நீயா நெனச்சிக்கிட்டு அவனுட்ட போய்ச் சொல்லாத. வாறவன் ஒருத்தனுக்கும் ஆளப் பிடிக்கத் தெரியல்ல. சும்மா கோலடிச்சு கோலடிச்சு எனக்கு மடுத்துப் போச்சு."

சொன்ன வார்த்தையை அப்படியே ஆபேலிடம் சொன்னேன். அவன் பரணிலிருந்து பழைய பூட்ஸை எடுத்தான். அடித்தட்டு உளுத்து கையோடு வந்தது. மகளின் விளையாட்டு ஷூ அவன் காலுக்குச் சேராது. தக்கலைக்குப் போய்ப் புதுசு வாங்கிக்கொண்டு வந்தான்.

ஸ்ரீஜித் அவனை எதிரணியில் போட்டான், என்னோடு. முதல் ஞாயிறு நாற்பது நிமிஷமும் ஸ்ரீஜித் வேறு எந்தப் பக்கமும் போகவில்லை. பந்து கிடைத்தால் நேரே ஆபேல் மேல்தான் வந்தான். தோளால் இடித்தான், கைமுட்டால் விலாவில் ஒன்று வைத்தான். கணுக்காலில் ஒருமுறை வேண்டுமென்றே மிதித்தான். ஆபேல் கீழே விழுந்து, எழுந்து, மறுபடியும் அவன் முன்னால் வந்து நின்றான். ஒரு ஃபௌல் கேட்கவில்லை, ஒரு அங்குலம் விட்டுக்கொடுக்கவும் இல்லை. அன்றைக்குக் கோல் விழவில்லை. முடிந்ததும் ஸ்ரீஜித் தண்ணீர் பாட்டிலைத் தான் குடித்துவிட்டு, மூடியைத் திருகி, ஆபேலின் பக்கமாக வைத்துவிட்டுப் போனான். கையில் கொடுக்கவில்லை.

இப்போது அஞ்சு மாசமாக ஒரு ஞாயிறும் தவறாமல் போகிறோம். ரெண்டு பேரும் பேசிக்கொள்வது பந்தைப் பற்றித்தான். சஜிதா வீட்டில் பழையபடி பேசத் தொடங்கிவிட்டாள். அப்பாவிடம் அவள் ஒன்றும் சொல்லவில்லை.

போன ஞாயிறு ஸ்ரீஜித் ஒரு கோல் அடித்தான். நாற்பத்தாறு வயசு முட்டோடு, இடது பக்கமாகத் திரும்பி, ஆபேலின் காலுக்கு நடுவே தட்டிவிட்டு, ஓடிப்போய் என் வலது மூலையில் அடித்தான். வேலிக்கு வெளியே பஸ்ஸுக்கு நின்றவர்கள்கூடக் கைதட்டினார்கள். ஸ்ரீஜித் ரெண்டு கையையும் விரித்துக்கொண்டு ஒரு வட்டம் ஓடினான். ஆபேலின் முகம் சுண்டிக் கறுத்துவிட்டது. வலைக்குள் போய்ப் பந்தைப் பொறுக்கிக்கொண்டு வந்தவன் என்னிடம் நின்றான்.

"ஏலே, நீ எங்க பாத்துட்டு நின்ன? அது பிடிக்க வேண்டிய பந்தாக்கும்."